தாராபுரம் கோட்டை யாருடையது?

திருப்பூர் என்றதும் உங்களுக்கு என்ன நினைவுக்கு வரும்? பனியன் கம்பெனி, கட்டிங் மாஸ்டர், ஓவர்லாக் மிஷின், சாயப்பட்டறை. சரித்திரம் கொஞ்சம் பிடித்தவராக இருந்தால் கொடி காத்த குமரன். 1932 ஜனவரியில் போலீஸ் தடியடி, கீழே விடாத கொடி. அத்தோடு முடிந்தது. அதற்கு முன்னால் இந்த மண்ணில் ஒன்றுமே நடக்காத மாதிரிதான் நாமும் பேசிக்கொண்டிருக்கிறோம்.

நடந்திருக்கிறது. இன்றைய திருப்பூர் மாவட்டத்தில் இருக்கும் தாராபுரத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். அமராவதிக் கரையில் அங்கே ஒரு கோட்டை இருந்தது. 1768-க்கும் 1790-க்கும் இடையில், அதாவது 22 வருடத்தில், அந்தக் கோட்டை குறைந்தது ஆறு முறை கை மாறியது!

நம்ப முடியவில்லையா? விரல் விட்டு எண்ணுங்கள்.

1768: ஹைதர் அலியோடு முதல் போர். கும்பெனியின் கர்னல் உட் கோட்டையைப் பிடிக்கிறார். ஒன்று.

அதே 1768: வருடம் முடிவதற்குள் ஹைதர் திரும்பப் பிடிக்கிறார். இரண்டு.

1783: ஹைதர் இறந்துவிட்டார், மகன் திப்பு சுல்தான் பட்டத்துக்கு வந்துவிட்டார். இரண்டாவது போர் இன்னும் ஓயவில்லை. கர்னல் ஃபுல்லர்ட்டன் பிடிக்கிறார். மூன்று.

1784: மங்களூர் உடன்படிக்கை. பிடித்ததையெல்லாம் அவரவரிடம் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று ஏற்பாடு. கோட்டை மறுபடி திப்புவுக்கு. நான்கு.

1790 ஜூலை: மூன்றாவது போர். ஜெனரல் மெடோஸ் பிடிக்கிறார். ஐந்து.

1790 அக்டோபர்: மூன்றே மாதம்! திப்பு மீட்டுவிடுகிறார். ஆறு.

அன்றைக்குத் தாராபுரத்தில் 30 வயது ஆள் ஒருவர் இருந்திருந்தால், அவருடைய எட்டு வயதில் ஒரு கொடி, அதே வருடக் கடைசியில் இன்னொரு கொடி, 23-ல் ஒன்று, 24-ல் ஒன்று, 30-ல் இரண்டு! 'உங்க ராஜா யாருங்க?' என்று அவரைக் கேட்டிருந்தால், 'இன்னிக்கு என்ன கிழமைங்க?' என்று திருப்பிக் கேட்டிருப்பார்.

சரி, ஏன் தாராபுரம்? அங்கே தங்கச் சுரங்கம் ஒன்றும் கிடையாதே!

மனசுக்குள் ஒரு வரைபடம் விரித்துக்கொள்ளுங்கள். மேற்கே பாலக்காட்டுக் கணவாய், அதைத் தாண்டினால் மலபார். வடக்கே கெஜலட்டிக் கணவாய், அதில் ஏறினால் மைசூர்ச் சீமை. கிழக்கே கரூர் வழியாகப் போனால் திருச்சி. அங்கே ஆற்காட்டு நவாபும் அவருக்குப் பின்னால் கும்பெனியும். இந்த மூன்று வாசல்களுக்கும் நடுவில் இருக்கும் முற்றம்தான் கொங்கு நாடு. திருச்சியிலிருந்து கோவைக்குப் போகிற படைக்குக் கரூர் முதல் படி, தாராபுரம் அடுத்த படி. யார் எந்த வாசல் வழியாக வந்தாலும் முற்றத்தை மிதிக்காமல் போக முடியாது.

இன்னொரு காரணமும் உண்டு. சோறு! படை வயிற்றால் நடப்பது. அதிலும் அந்தக் காலப் படை மாட்டின் வயிற்றால் நடந்தது. பீரங்கி இழுக்க மாடு, அரிசி மூட்டை சுமக்க மாடு, கூடாரத்துக்கு மாடு, வெடிமருந்துக்கு மாடு. 1791 மே மாதம் ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குப் பக்கத்தில் போய் நின்ற காரன்வாலிஸ் பிரபு, மாடுகள் செத்து விழுந்ததால் தன்னுடைய பெரிய பீரங்கிகளைத் தானே உடைத்துப் போட்டுவிட்டுத் திரும்பினார் என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்.

கொங்கு நாட்டில் என்ன இருந்தது? கம்பும் சோளமும் நெல்லும். முக்கியமாக, மாடு! காங்கேயம் காளையின் பெருமையை உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. தாராபுரத்தைப் பிடித்த ஃபுல்லர்ட்டன், ஊருக்குப் போய்த் தன் படையெடுப்பைப் பற்றி ஒரு புத்தகமே எழுதினார். மைசூர் மேல் பாய வேண்டுமானால் வளமான கோவைச் சீமையில் காலை ஊன்றிக்கொண்டுதான் பாய வேண்டும் என்பது அவருடைய யோசனை. ஏழு வருடம் கழித்து மெடோஸ் செய்ததும் கிட்டத்தட்ட அதையேதான்.

1789 டிசம்பரில் திப்பு திருவிதாங்கூர் எல்லையைத் தாக்கினார். அதைக் காரணமாகக் கொண்டு 1790 மே மாதம் மெடோஸ் திருச்சியிலிருந்து கிளம்பினார். ஜூனில் கரூர், ஜூலையில் தாராபுரம், கோவை, ஆகஸ்டில் ஈரோடு, சத்தியமங்கலம். மளமளவென்று எல்லாம் விழுந்தன. கும்பெனி முகாமில் ஒரே குஷி.

செப்டம்பரில் திப்பு கெஜலட்டிக் கணவாய் வழியாகக் கீழே இறங்கினார். சத்தியமங்கலத்தில் இருந்த கர்னல் ஃபிளாய்டின் படை மேல் 13-ஆம் தேதி இடி மாதிரி விழுந்தார். பகல் முழுக்கச் சண்டை. ராத்திரி ஃபிளாய்டு முடிவெடுத்தார்: கோவைப் பக்கம் பின்வாங்குவோம். இழுக்க மாடில்லாமல் சில பீரங்கிகளை அங்கேயே விட்டுவிட்டுக் கிளம்பினார். மறுநாள் 14-ஆம் தேதி, பசியும் களைப்புமாக நடந்த படையைத் திப்பு சேவூரில் மறித்தார்.

சேவூர் தெரியுமல்லவா? அவிநாசிக்குப் பக்கத்தில் இருக்கிறதே, அதே சேவூர்தான். அந்த ஊர்க் காடுகளைச் சுற்றியிருந்த முள்வேலிகளுக்கு நடுவே அன்று குதிரையும் காலாட்படையும் முட்டிக்கொண்டன. குதிரைப்படைக்குத் திறந்த வெளி வேண்டும். இங்கேயோ நாலு எட்டு வைத்தால் ஒரு வேலி! வேலிக்குள் புகுந்துகொண்ட காலாளை அசைக்க முடியவில்லை. இந்தச் சண்டையில் திப்புவின் மைத்துனரும் தளபதியுமான புர்ஹானுத்தீன் இறந்துபோனார். ஃபிளாய்டு தப்பித்துப் போய் மெடோஸோடு சேர்ந்துகொண்டார். திப்பு ஈரோட்டையும் தாராபுரத்தையும் மீட்டார்.

ஜெயித்தது யார்? இரண்டு பக்கமும் தாங்கள்தான் என்று எழுதிக்கொள்ளலாம். தோற்றது யார் என்பதில் சந்தேகமே இல்லை. அந்த வேலிக்குள் செப்டம்பர் மாதம் கம்பும் சோளமும் போட்டிருந்தாரே ஒரு குடியானவர், அவர்தான்!

இங்கே நாம் வழக்கமாகச் செய்கிற ஒரு தப்பைத் திருத்திக்கொள்ள வேண்டும். 'வெள்ளைக்காரன் படை' என்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடுகிறோம். அந்தப் படையில் வெள்ளைக்காரர்கள் கொஞ்சம் பேர்தான். மிச்சமெல்லாம் தமிழும் தெலுங்கும் பேசிய சிப்பாய்கள். 1791-ல் கோவைக் கோட்டையைத் திப்புவின் படை முற்றுகையிட்டபோது உள்ளே தலைமை தாங்கியவர் லெப்டினன்ட் சால்மர்ஸ் என்ற ஆங்கிலேயர். அவருக்குத் துணை நின்ற அதிகாரி ஒரு பிரெஞ்சுக்காரர். சண்டை போட்டவர்களில் பெரும்பாலோர் திருவிதாங்கூர் ராஜாவின் ஆட்கள். ஆகஸ்டில் ஒரு பெரிய தாக்குதலை முறியடித்தார்கள். அக்டோபரில் கமருத்தீன் கான் பெரிய படையோடு வந்தார். நவம்பரில் கோட்டை பணிந்தது. 'பாலக்காட்டுக்குப் போகலாம்' என்று வாக்குக் கொடுத்துச் சரணடைய வைத்தவர்கள், பிடித்தவர்களை ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குக் கைதிகளாகக் கொண்டுபோனார்கள்.

ஆக, சுவருக்கு உள்ளேயும் நம்மவர்கள், வெளியேயும் நம்மவர்கள். உள்நாட்டுப் போர் என்பது வேறென்ன?

ஒரு நிமிடம் இங்கிலாந்துக்குப் போய்விட்டு வந்துவிடலாம். இதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்னால், 1642 முதல் 1651 வரை, அந்த நாட்டிலேயே உள்நாட்டுப் போர் நடந்தது. ராஜா முதலாம் சார்லஸ் ஒரு பக்கம், பார்லிமென்ட் ஒரு பக்கம். 1649-ல் ராஜாவின் தலையையே வெட்டினார்கள். பாடப் புத்தகத்தில் அதுதான் இருக்கும். ஆனால் டார்செட், வில்ட்ஷயர் மாதிரியான கிராமப்புறங்களில் 1645-ல் நடந்த கதை வேறு. இரண்டு பக்கத்துப் படையும் மாறி மாறி வந்து தானியத்தையும் மாட்டையும் அள்ளிக்கொண்டு போனதில் வெறுத்துப்போன விவசாயிகள், தடியைத் தூக்கிக்கொண்டு ஒன்றாகத் திரண்டார்கள். 'ராஜாவும் வேண்டாம், பார்லிமென்டும் வேண்டாம். எங்கள் மாட்டை மட்டும் தொடாதே!' என்பதுதான் அவர்கள் கட்சி. தடியோடு வந்ததால் 'கிளப்மென்' என்று பெயர். ஆகஸ்ட் மாதம் ஒரு குன்றின் மேல் கூடியிருந்தவர்களைக் குரோம்வெல்லின் குதிரைப்படை அடித்துக் கலைத்தது. போர் முடியும் தறுவாயில், இனி யாருக்கும் பயன்படக் கூடாது என்று பல கோட்டைகளையும் வெடிவைத்துத் தகர்த்தார்கள்.

தாராபுரம் கோட்டைக்கும் அதே கதிதான். 1792-ல் அது இடிக்கப்பட்டது. இத்தனை பேர் இத்தனை முறை உயிரைக் கொடுத்துப் பிடித்த கோட்டை கடைசியில் ஒருவருக்கும் இல்லை!

அந்த 1792 மார்ச்சில் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கை கையெழுத்தானது. திப்புவின் பாதி ராஜ்யம் போயிற்று. திண்டுக்கல், சேலம், பாரமகால், மலபார் எல்லாம் கும்பெனிக்கு. கோவைச் சீமை? அது திப்புவுக்கே திரும்பிப் போனது. கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். 1790-ல் 'இனி கும்பெனி ராஜ்யம்தான்' என்று நம்பி அவர்களுக்கு நெல் கொடுத்தவன், வழி காட்டியவன், வண்டி ஓட்டியவன் கதி என்ன? உடன்படிக்கை எழுதியவர்கள் அவனைக் கேட்டுக்கொண்டா எழுதினார்கள்?

இந்த இடத்தில்தான் தீரன் சின்னமலையைப் புரிந்துகொள்ள வேண்டும். காங்கேயத்துக்குப் பக்கத்தில் மேலப்பாளையத்தில் 1756-ல் பிறந்தவர். தீர்த்தகிரி என்பது இயற்பெயர். மைசூர் அரசாங்கத்துக்குப் போன வரிப் பணத்தை வழிமறித்துப் பிடுங்கிக்கொண்டு, சென்னிமலைக்கும் சிவன்மலைக்கும் நடுவே ஒரு சின்னமலை இருக்கிறது, அது பறித்துக்கொண்டது என்று போய்ச் சொல்லச் சொன்னார் என்பது வழிவழியாக வரும் கதை. அதே சின்னமலை பின்னால் திப்புவின் பக்கம் நின்று கும்பெனியை எதிர்த்ததாகவும் அதே மரபு சொல்கிறது.

அதெப்படி? நேற்று மைசூருக்கு எதிரி, இன்று மைசூருக்குத் துணையா? முற்றத்தில் குடியிருப்பவனுக்கு இதில் முரண்பாடே இல்லை. எந்த வாசல் வழியாக வருகிறவன் வரி கேட்கிறானோ அவனைத்தான் அவன் எதிர்க்க முடியும். 1799 மே மாதம் திப்பு இறந்து, கொங்கு முழுக்கக் கும்பெனி கைக்கு வந்தபின் எதிரி மாறிவிட்டான். அவ்வளவுதான்.

1800 ஜூன் 3-ஆம் தேதி கோவைக் கோட்டையைத் தாக்கத் திட்டம் போட்டார்கள். விருப்பாச்சி கோபால நாயக்கரின் கூட்டணிக்கு அதில் பங்கு உண்டு. கவுண்டர்கள், நாயக்கர்கள், முஸ்லிம்கள் எல்லாரும் சேர்ந்த கூட்டம் அது. திட்டம் பிசகியது, 42 பேர் தூக்கிலிடப்பட்டார்கள். மறு வருடம் கோபால நாயக்கரும் தூக்கில் தொங்கினார். சின்னமலை ஓடாநிலையில் கோட்டை கட்டி இன்னும் சில வருடம் தாக்குப்பிடித்தார். 1805-ல் பிடிபட்டு சங்ககிரிக் கோட்டையில் தூக்கிலிடப்பட்டார். வருடா வருடம் ஆடிப் பதினெட்டு அன்று அவருக்கு மாலை போடுகிறோம். போட வேண்டியதுதான்.

ஆனால் மாலை விழாத ஒரு கூட்டமும் இருக்கிறதே!

திப்பு செத்த மறு வருடம், 1800-ல், ஃபிரான்சிஸ் புக்கானன் என்ற டாக்டரை இந்தச் சீமைகளைச் சுற்றிப் பார்த்து அறிக்கை எழுதக் கும்பெனி அனுப்பியது. என்ன பயிர், எத்தனை தறி, மண் எப்படி, மாடு எப்படி என்று ஊர் ஊராகக் கேட்டு எழுதினார் மனிதர். ஈரோட்டைப் பற்றி எழுதியிருப்பதைக் கேளுங்கள். ஹைதர் காலத்தில் அங்கே 3,000 வீடு. திப்பு காலத்தில் அதில் மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. ஜெனரல் மெடோஸ் படையெடுப்பில் மொத்தமும் அழிந்தது. இவர் போனபோது மறுபடி முளைத்திருந்தது சுமார் 400 வீடு.

இதை எழுதியவர் திப்புவின் ஆள் இல்லை. கும்பெனியின் சம்பளம் வாங்கிய ஆள். தங்கள் ஜெனரல் வந்ததால் அழிந்தது என்று அவரே எழுதுகிறார். தீக்கு எந்தக் கொடி என்று தெரியாது, பாருங்கள்!

இன்றைக்கும் திப்பு நல்லவரா கெட்டவரா என்று டீக்கடையில் ஆரம்பித்து செல்போன் வரைக்கும் சண்டை போட்டுக்கொண்டிருக்கிறோம். சின்னமலை எங்கள் ஆள், உங்கள் ஆள் என்று பங்கு பிரிக்கிறோம். வாதாடுங்கள், தப்பில்லை. ஆனால் 200 வருடத்துக்கு முந்தைய சண்டையில் பக்கம் பிரிந்து நிற்பதற்கு முன்னால் ஒன்றை நினைத்துக்கொள்ளுங்கள். உங்கள் முப்பாட்டனுக்கு முப்பாட்டன் அன்றைக்கு எந்தப் பக்கமும் நின்றிருக்க மாட்டார். மாட்டை அவிழ்த்துக்கொண்டு, பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு, எந்தக் காட்டுக்குள் போய் ஒளியலாம் என்று ஓடிக்கொண்டிருந்திருப்பார். படை போனபின் திரும்பி வந்து, சாய்ந்த வேலியை நிமிர்த்தி, மறுபடி விதைத்திருப்பார். கொங்கு நாட்டை மீட்டது அந்த விதைப்புதான். எந்த ஜெனரலும் இல்லை.

அதனால் இனி எந்தப் போரைப் பற்றிப் படித்தாலும், அது சேவூரோ இன்றைக்கு டி.வி.யில் வருகிற ஏதோ ஒரு தேசமோ, ஜெயித்தது யார் என்று கேட்டபின் இன்னொன்றையும் மறக்காமல் கேளுங்கள்.

முன்னால் எத்தனை வீடு இருந்தது? இப்போது எத்தனை மிச்சம்?