திரையில் ஓடும் டிராம் வண்டி

வரலாறு என்பது ஆண்டுகளின் பட்டியல் மட்டுமன்று. மறைந்துபோன மனித உழைப்பின் கதையுமாகும். இவ்வுண்மையை அண்மையில் எனக்கு உணர்த்தியது நூல் எதுவுமன்று. பழைய டிராம் வண்டிகளை ஓட்டிப் பழகும் ஒரு கணிப்பொறி விளையாட்டே.

இவ்வகை விளையாட்டுகளுள் ஒன்றான ‘டிரெயின்ஸ்’ 2001-ஆம் ஆண்டு ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகரில் உருவாயிற்று. தன் தெருக்களிலிருந்து டிராம் வண்டிகளை 1969-இல் அகற்றிவிட்ட நகரம் அது! தெருவில் தொலைத்ததை மனிதன் திரையில் தேடுகிறான் போலும்.

டிராமின் கைப்பிடியைத் திருப்பியவுடன் வண்டி பாய்ந்துவிடுவதில்லை. படிப்படியாகவே நகர்த்த வேண்டும். முதலில் இரு மோட்டார்களும் தொடர் இணைப்பில் மின்னழுத்தத்தைப் பகிர்ந்துகொள்ளும். பின்னரே பக்க இணைப்புக்கு மாறி முழு வேகம் பெறும். அவசரப்பட்டால் சக்கரம் வழுக்கும். இரும்பின் மீது இரும்பு உருள்வதால், நிறுத்தத்துக்கு வெகு முன்னரே வேகத்தைக் குறைத்தாக வேண்டும். மழைநாளில் தண்டவாளத்தில் மணல் தூவிப் பிடிப்புத் தேட வேண்டும்.

மழை என்றதும் நம் சென்னை நினைவுக்கு வருகிறது. இந்தியாவின் முதல் மின்சார டிராம் 1895-ஆம் ஆண்டு மே 7-ஆம் நாள் இங்குதான் ஓடியது. தொடக்கத்தில் தெருவுக்கு அடியில் அமைந்த கால்வாய் வழியே வண்டிக்கு மின்சாரம் வந்தது. பருவமழை வெள்ளம் அக்கால்வாயில் புகுந்து தொல்லை தரவே, பின்னர் மேலே கம்பி கட்டினர். நட்டத்தில் தத்தளித்த கம்பெனி 1953-ஆம் ஆண்டு ஏப்ரல் 12-ஆம் நாள் வண்டிகளை நிறுத்திக்கொண்டது. அன்றோடு ஓட்டுநர்களின் கைத்திறனுக்கும் நகரில் வேலையில்லாது போயிற்று.

திரையில் நான் மூன்று முறை நிறுத்தத்தைத் தவறவிட்டேன். சிரித்துக்கொண்டே மீண்டும் தொடங்கினேன். அந்த ஓட்டுநருக்கு அவ்வாய்ப்பு ஏது? அவர் எதிரே நடந்தவர்கள் உயிருள்ள மனிதர்கள். நாள் முழுவதும் அவர்களைக் காத்தது அவருடைய கையும் கவனமும். அப்பொறுப்பின் பாரத்தை எந்த விளையாட்டும் நமக்குத் தர இயலாது.

கம்பெனியின் தொடக்கமும் முடிவும் ஏடுகளில் உள்ளன. ஓட்டுநர்களின் பெயர்களை நம்முள் யார் அறிவார்? சிறுவயதில் சென்னை டிராமில் சென்ற முதியோர் சிலர் நம் குடும்பங்களில் இன்னும் இருக்கக்கூடும். அவர்களிடம் கேட்டு எழுதிவைப்போம். திரை வண்டியைக் காட்டும். அதை ஓட்டியவரை நினைவுகூர்வது நம் கடமையன்றோ!