சட்டைப்பையில் அடங்கும் பொழுதுபோக்கு: பலெர்மோ எழுப்பிய கேள்வி

இத்தாலியின் சிசிலித் தீவின் தலைநகரான பலெர்மோவில் 2021 ஜனவரியில் 10 வயதுச் சிறுமி ஒருவர் உயிரிழந்தார். டிக்டாக் செயலியில் பரவியதாகக் கூறப்பட்ட ஆபத்தான சவால் ஒன்றில் அவர் ஈடுபட்டிருக்கலாம் என்ற சந்தேகத்தின் பேரில் விசாரணை தொடங்கியது. அவரை அதற்குத் தூண்டக்கூடிய காட்சி எதையும் தமது தளத்தில் கண்டறிய இயலவில்லை என்று அந்நிறுவனம் அப்போது தெரிவித்தது.

எனினும், வயதை உறுதிசெய்ய இயலாத பயனாளர்களின் தகவல்களைக் கையாளக் கூடாது என்று இத்தாலியின் தனிநபர் தகவல் பாதுகாப்பு ஆணையம் ஜனவரி 22ஆம் தேதி அந்நிறுவனத்துக்கு உத்தரவிட்டது. 13 வயதுக்குக் குறைந்தோர் கணக்கு வைத்திருக்கக் கூடாது என்பது டிக்டாக்கின் சொந்த விதி. 14 வயதுக்குக் குறைந்தோரின் தகவல்களை இணையச் சேவைகள் பயன்படுத்தப் பெற்றோரின் சம்மதம் தேவை என்பது 2018 முதல் இத்தாலியச் சட்டம். ஆனால், பிறந்த ஆண்டை மாற்றிக் குறிப்பிடும் சிறுவரை இவ்விரண்டும் தடுக்கவில்லை.

பிப்ரவரி 9 முதல் இத்தாலியப் பயனாளர்கள் அனைவரிடமும் பிறந்த தேதி மீண்டும் கேட்கப்பட்டது. ஏப்ரல் பிற்பகுதிக்குள் 5 லட்சத்துக்கும் அதிகமான கணக்குகள் நீக்கப்பட்டதாக ஆணையம் அறிவித்தது.

அறையிலிருந்து கைக்கு

கேட்பவருக்கு மட்டுமே இசை ஒலிக்கும் பழக்கத்தை 1979இல் ஜப்பானில் அறிமுகமான வாக்மேன் பரவலாக்கியது. 2001இல் ஐபாட், 2007இல் ஐபோன் ஆகியவை வந்தன. கூடத்தில் குடும்பத்துடன் அமர்ந்து பார்த்த பொழுதுபோக்கு, இவ்வாறு ஒருவர் மட்டுமே காணும் சிறு திரைக்குள் சென்றது.

மாணவர்களின் நாளுக்கு இது பொருந்திவிட்டது. பள்ளி, வீட்டுப்பாடம், பேருந்துப் பயணம் என்று துண்டுதுண்டாகிப் போன நேரத்தில் முழுநீளத் திரைப்படத்துக்கு இடமில்லை; ஒரு நிமிடக் காட்சிக்கு இடமுண்டு. ஒன்று முடிந்ததும் அடுத்தது தானே வருவதால், இடைவேளைக்கென எடுத்த கருவி மாலைப்பொழுதையும் எடுத்துக்கொள்கிறது.

தமிழ்க் குடும்பங்கள்

1980களிலிருந்து பலெர்மோவில் குடியேறிய இலங்கைத் தமிழர்களில் பலர் வீட்டுப் பணிகளில் ஈடுபட்டவர்கள். பெல்லெக்ரினோ மலையிலுள்ள புனித ரொசாலியா திருத்தலத்துக்கு அவர்களில் இந்துக்களும் செல்வது வழக்கம். பிள்ளைகளோ இத்தாலியப் பள்ளியோடு வார இறுதித் தமிழ் வகுப்புகளுக்கும் செல்கின்றனர்.

பிள்ளைகள் பார்க்கும் காட்சிகளின் மொழியில் பெற்றோருக்குப் போதிய பயிற்சி இல்லாதபோது கண்காணிப்பு கடினமாகிறது. அதே கைத்தொலைபேசிதான் யாழ்ப்பாணத்திலுள்ள பாட்டனார், பாட்டியாருடன் பேசும் வழியும் ஆகும். எனவே அதைப் பறித்து வைப்பது எளிதான தீர்வு அல்ல.

தடைகளும் எல்லைகளும்

வகுப்பறையில் கைத்தொலைபேசிப் பயன்பாட்டைக் கட்டுப்படுத்தி இத்தாலியக் கல்வி அமைச்சு 2007இலேயே பணிப்புரை விடுத்தது. 2024இல் கீழ் வகுப்புகளுக்கும், 2025-26 கல்வியாண்டு முதல் மேல்நிலைப் பள்ளிகளுக்கும் தடை கடுமையாக்கப்பட்டது. ஆஸ்திரேலியா 2025 டிசம்பரில், 16 வயதுக்குக் குறைந்தோர் முக்கிய சமூக ஊடகங்களில் கணக்கு வைத்திருப்பதைத் தடுக்கும் பொறுப்பை நிறுவனங்கள் மீதே சுமத்தியது.

பள்ளியின் தடை அதன் வாயிலோடு முடிந்துவிடுகிறது. அதற்கு அப்பால் பிள்ளையின் வயதுக்குப் பொறுப்பேற்க வேண்டியவர் பெற்றோரா, நிறுவனமா, அரசா என்பதே பலெர்மோ எழுப்பிய கேள்வி. அப்பொறுப்பைப் பத்து வயதுப் பிள்ளையிடம் விட்டுவிட முடியாது என்பதை மட்டும் 2021ஆம் ஆண்டின் உத்தரவு தெளிவாக்கியது.