நடுநாட்டில் அரவான்: பாரத வாசிப்பிலிருந்து கூவாகச் சடங்கு வரை

நடுநாட்டு ஊர்களில் பாரதக் கதையைக் காத்துவருபவர்கள் மூவர். ஏட்டைப் படித்துப் பொருள் சொல்பவர் பிரசங்கியார். அதை விடிய விடிய ஆடிக்காட்டுபவர் கூத்துக்காரர். அதே நிகழ்ச்சியை மண்ணாலும் மரத்தாலும் உருவாக்கிச் சடங்காக நடத்துபவர் பூசாரி. ஒருவர் விட்ட இடத்தில் அடுத்தவர் தொடங்குகிறார். கதையும் கைமாறும்போதெல்லாம் கொஞ்சம் மாறுகிறது. அந்த மாற்றத்தைத் தெளிவாகக் காட்டும் பாத்திரம் அரவான். அவன் கூத்தாண்டவராக வீற்றிருக்கும் கூவாகம், உளுந்தூர்ப்பேட்டை வட்டத்தில் உள்ள சிற்றூர். மேற்கே கல்வராயன் மலை, கிழக்கே உளுந்தூர்ப்பேட்டைச் சமவெளி என அமைந்த கள்ளக்குறிச்சி மாவட்டம் 2019 நவம்பரில் விழுப்புரத்திலிருந்து பிரிந்தபோது இவ்வூரும் அதனோடு வந்தது.

தமிழகத்தில் பாரதத்தை ஊரறிய வாசிக்கும் வழக்கத்துக்கு ஏழாம் நூற்றாண்டிலேயே சான்று உண்டு. பல்லவன் முதலாம் பரமேசுவரவர்மனின் கூரம் செப்பேடு, மண்டபத்தில் பாரதம் வாசிப்பவருக்கென நிலப்பங்கு ஒதுக்குகிறது. விளக்குக்கும் தண்ணீருக்கும் செலவு ஒதுக்குவது போலவே கதை கேட்பதற்கும் ஒதுக்கியிருக்கிறார்கள் என்பது கவனிக்கத்தக்கது. ஒன்பதாம் நூற்றாண்டில், தெள்ளாறெறிந்த நந்திவர்மன் காலத்தில், பெருந்தேவனார் பாரத வெண்பா இயற்றினார். அரவானின் களப்பலி இந்நூலிலேயே இடம்பெற்றுவிடுகிறது.

வடமொழி மூலத்தில் களப்பலி இல்லை. அங்கே அருச்சுனனுக்கும் நாககன்னி உலூபிக்கும் பிறந்த இராவான் (தமிழில் அரவான்), எட்டாம் நாள் போரில் அலம்புசன் என்னும் அரக்கனால் வெட்டுண்டு சாகிறான். தமிழ் மரபிலோ போர் தொடங்குமுன் காளிக்குப் பலியாகிறான். முப்பத்திரண்டு இலட்சணமும் பொருந்திய ஆண் தேவை. பாண்டவர் பக்கம் அப்படிப்பட்டவர்களில் இழக்கக்கூடியவனாகத் தெரிந்தவன் இவன் ஒருவனே. பலியாகிவிட்டவன் எட்டாம் நாள் எப்படிப் போரில் சாவான்? இந்த முரணை வில்லிபுத்தூரார் அழகாகத் தீர்க்கிறார். பலிக்குப் பின்னும் சில நாள் உயிரோடிருந்து போரைக் காண அவன் வரம் கேட்கிறான். வில்லியார் திருமுனைப்பாடி நாட்டுச் சனியூரில் பிறந்து, வக்கபாகை வரபதி ஆட்கொண்டானின் ஆதரவில் பாடியவர். நடுநாட்டுக்காரர் பாடிய நூலே பிற்காலத்தில் நடுநாட்டுப் பிரசங்கியாரின் கைநூலாயிற்று.

திரௌபதி அம்மன் கோயில் விழாக்களில் இந்த நூல் ஊரின் அன்றாடத்தோடு கலந்துவிடுகிறது. பகலில் பிரசங்கியார் சொன்னதை இரவில் கட்டியக்காரனும் வேடதாரிகளும் ஆடுகிறார்கள். படுகளத்தன்று திடலில் மண்ணால் செய்த பெரிய துரியோதனன் மல்லாந்து கிடப்பான். வீமன் வேடமிட்டவர் அவன் தொடையைப் பிளந்த பிறகே திரௌபதி கூந்தலை முடிகிறாள். அதைப் பார்த்து நிற்கும் பெண்கள் மெய்யாகவே அழுகிறார்கள். இந்த மரபை விரிவாக ஆராய்ந்த ஆல்ஃப் ஹில்டெபீட்டல், செஞ்சிப் பகுதியை அதன் மையமாகக் கண்டார்.

அரவானின் கதையைப் புதிதாக வளர்த்தவை வழிபாடும் கூத்துமே. மணமாகாதவனுக்கு ஈமக்கடன் முறையாக நடக்காது, அழவும் ஆளில்லை. ஆகவே சாகுமுன் ஓர் இரவாவது மணவாழ்வு வேண்டும் என்று அரவான் கேட்கிறான். பெண் கொடுக்க யாரும் முன்வரவில்லை. கண்ணனே மோகினியாகி அவனை மணக்கிறான். பெருந்தேவனாரிலும் வில்லியிலும் இந்தத் திருமணம் கிடையாது. ஏட்டில் இல்லாத இந்தப் பகுதியே இன்று கதையின் உயிராகிவிட்டது.

கூவாகத்தில் சித்திரைத் திருவிழா சாகை வார்த்தலுடன் தொடங்கிப் பதினெட்டு நாள் நடக்கிறது. பௌர்ணமியை ஒட்டிய இரவில் சாமி கண் திறந்ததும் திருநங்கையர் பட்டுடுத்திப் பூசாரி கையால் தாலி கட்டிக்கொள்கிறார்கள். வேண்டுதல் உள்ள ஊர் ஆண்களும் கட்டிக்கொள்வதுண்டு. மறுநாள் காலை, மரத்தாலான தலையும் வைக்கோலும் பூமாலையுமாக உருவான அரவான் தேரேறுகிறான். தேர் பந்தலடியை அடையும்போது மாலைகள் களையப்பட்டு உருவம் வெறுமையாகிறது, அதுவே பலி. அங்கே திருநங்கையர் மாரடித்து ஒப்பாரி வைக்கிறார்கள். தாலி அறுபடுகிறது, வளையல் உடைகிறது, குளித்துவிட்டு வெள்ளைச் சேலை உடுத்துகிறார்கள். பிரசங்கியார் சொல்லால் செய்ததை இவர்கள் உடம்பால் செய்கிறார்கள். முதல் நாள் மணப்பெண்ணாக நின்றவர் அடுத்த நாள் கைம்பெண்ணாக நடக்கும்போது, அதை நடிப்பு என்று பிரித்துவைக்க முடிவதில்லை.

பலியான பின்னும் போரைக் காணும் வீரன் தமிழகத்துக்கு மட்டும் உரியவன் அல்லன். இராசத்தானில் காட்டு சியாம் என வணங்கப்படும் பார்பரிகனும் தலையைத் தந்துவிட்டுப் போரைப் பார்த்தவனே. ஆனால் அங்கே மணமகளின் ஒப்பாரி இல்லை.

கூவாகம் உள்ள மாவட்டத்தின் மேற்கேயுள்ள கல்வராயன் மலையில் பழங்கதை வேறு வடிவில் நிற்கிறது. இங்கு வாழும் மலையாளிப் பழங்குடியினர் காஞ்சிபுரத்திலிருந்து வந்த பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என்னும் உடன்பிறந்தாரின் வழியில் வந்தவர்களாகத் தங்களைச் சொல்லிக்கொள்கிறார்கள். 1909-இல் தர்ஸ்டன் பதிப்பித்த தென்னிந்தியக் குலங்கள் பற்றிய தொகுதிகளில் இக்கதை பதிவாகியுள்ளது. எந்த அண்ணன் எந்த மலைக்குப் போனான், எந்தக் குலத்தில் பெண் எடுத்தான் என்பவற்றையும் அது சொல்கிறது. சேர்வராயனும் பச்சைமலையும் கொல்லிமலையும் ஒரே தாயாதிக் கூட்டமாவது இக்கதையால்தான். சடையக் கவுண்டர், குரும்பக் கவுண்டர், அரியக் கவுண்டர் என மூன்று ஜாகீர்தார்களின் ஆளுகையில் இருந்த இம்மலை 1976-இல் அரசின் கைக்கு வந்தது. ஜாகீர் முடிந்தது, அண்ணன் தம்பிக் கதை முடியவில்லை.

மலையில் கதை உறவைத் தந்தது போலச் சமவெளியில் அது பெயரைத் தந்தது. திருநங்கையருக்கு இழிசொற்களே வழங்கிய காலத்தில், அரவானை மணந்தவர் என்ற பொருளில் ‘அரவாணி’ என்னும் சொல் மதிப்போடு புழக்கத்துக்கு வந்தது. பின்னர் ‘திருநங்கை’ நிலைபெற்றது. 2008-இல் தமிழக அரசு இவர்களுக்கென நலவாரியம் அமைத்தது. 2014 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் மூன்றாம் பாலினத்தைச் சட்டப்படி ஏற்றது. அரசாணைகளில் அரவானின் பெயர் மறைந்துவிட்டாலும், சித்திரையில் கூவாகத்துக்கு வருகிறவர்கள் இன்றும் அவன் பெயரிலேயே தாலி கட்டிக்கொள்கிறார்கள்.