லின் ஹெர்ஷ்மன் லீசன்

லின் ஹெர்ஷ்மன் லீசன் (பி. 1941) அமெரிக்கக் கலைஞர், திரைப்பட இயக்குநர். ஒகையோ மாநிலம் கிளீவ்லாந்தில் பிறந்து, சான் பிரான்சிஸ்கோவைத் தம் களமாகக் கொண்டவர். ஒருவர் இன்னார்தான் என்பதற்கு உடல் சான்றா, காகிதம் சான்றா, கருவி சான்றா என்ற கேள்வியை இணையம் வருவதற்கு முன்பே எடுத்துக்கொண்டவர். இவரை நிகழ்த்துகலைஞர் என்று குறிப்பதும் உண்டு. ஆனால் போடும் வேடத்தைவிட அந்த வேடம் விட்டுச்செல்லும் பதிவுகளே இவருக்கு முக்கியம் என்பதால், ஊடகக் கலைஞர் என்பதே சரி.

1965இல் கருவுற்றிருந்தபோது இதயத்தசை நோய் கண்டு, பிராணவாயுக் கூடாரத்துக்குள் வாரக்கணக்கில் கிடந்தார். தம் மூச்சொலியையே கேட்டுக்கொண்டிருந்த அந்த நாட்களிலிருந்து பிறந்தவை ‘மூச்சுவிடும் இயந்திரங்கள்’. தம் முகத்தை மெழுகில் வார்த்து, அதனுடன் ஒலிநாடாக் கருவியைச் சேர்த்தார். யாராவது அருகில் வந்தால் அந்த முகம் மூச்சுவிடும், சிரிக்கும். 1972இல் பெர்க்லியில் ஓர் அருங்காட்சியகம், ஒலி கலையாகாது என்று சொல்லி இவ்வகைப் படைப்பை அகற்றியது. அந்த முடிவு தவறு.

1973இல் சான் பிரான்சிஸ்கோவின் தான்டே ஹோட்டல் என்ற மலிவு விடுதியில் 47ஆம் எண் அறையை எடுத்து, கட்டிலில் மெழுகு உருவங்களைப் படுக்கவைத்தார். யாரும் எந்நேரமும் போய்ப் பார்க்கலாம். ஒருநாள் பின்னிரவில் வந்தவர் அவற்றைப் பிணங்கள் என்று எண்ணிக் காவல்துறையை அழைக்க, அறையில் இருந்ததெல்லாம் அள்ளிச் செல்லப்பட்டது.

இதே விடுதிக்குப் பேருந்தில் வந்திறங்கியவளாகவே ராபர்ட்டா பிரெய்ட்மோர் அறிமுகமானாள். லின்னின் கற்பனையில் பிறந்து, அவரே வேடமிட்டு நடமாடிய இவள் 1978 வரை அந்நகரில் வாழ்ந்தாள். பொன்னிறப் பொய்முடி, தனி நடை, தனிக் கையெழுத்து. வங்கிக் கணக்கு, ஓட்டுநர் உரிமம், மனநல மருத்துவரிடம் ஆலோசனை என எல்லாம் இருந்தன. உடன் தங்க ஆள் தேவை என்று செய்தித்தாளில் விளம்பரம் கொடுத்து, பதில் எழுதியவர்களை நேரில் சந்தித்தாள். 1975இல் உருவான ஒரு படம் அவளை ‘செய்யும்’ முறையைக் காட்டுகிறது. முகப் புகைப்படத்தின் மேல் எண்களும் கோடுகளும். கன்னத்துக்கு ரெவ்லான் பூச்சு, இமைக்கு நீலம், இதழுக்குத் தூரிகையால் சிவப்பு, உடையின் விலை 7.98 டாலர். கட்டட வரைபடம்போல் ஒரு பெண்! பின்னர் வேறு மூன்று பெண்களும் ராபர்ட்டாவாக நடமாடினார்கள். இறுதியில் இத்தாலியின் ஃபெராரா நகரில் பேயோட்டும் சடங்கு நடத்தி அவளுக்கு முடிவுகட்டினார் லின். வங்கியும் அரசு அலுவலகமும் ஏற்றுக்கொண்ட ஒருத்திக்குப் பிறப்பு மட்டும்தான் இல்லாமல் இருந்தது.

1983-84இல் உருவான ‘லோர்னா’, பார்வையாளர் கதையை நடத்திச்செல்லும் லேசர் வட்டுக் கலைப்படைப்புகளில் முதலாவது. வீட்டைவிட்டு வெளியேற அஞ்சித் தொலைக்காட்சியோடு வாழும் லோர்னாவின் அறைப் பொருள்கள் ஒவ்வொன்றுக்கும் ஓர் எண் உண்டு. பார்வையாளர் ரிமோட்டில் அந்த எண்ணை அழுத்தினால் அவள் வாழ்வின் ஒரு பகுதி திறக்கும். அவள் தொலைக்காட்சியைச் சுடலாம், உயிரை மாய்த்துக்கொள்ளலாம், லாஸ் ஏஞ்சலஸுக்குக் குடிபெயரலாம். எது நடக்கும் என்பது பார்வையாளரின் கையில்.

‘டில்லி’ (1995-98) கண்களில் கேமரா பொருத்திய பொம்மை. எங்கோ இருப்பவரும் இணையம் வழியே அதன் தலையைத் திருப்பி, அது பார்ப்பதைப் பார்க்கலாம். டில்டா ஸ்விண்டன் நடித்த ‘கன்சீவிங் ஏடா’ (1997), ‘டெக்னோலஸ்ட்’ (2002) ஆகியவை இவர் இயக்கிய திரைப்படங்கள். உரையாடும் மென்பொருளான ‘ஏஜென்ட் ரூபி’, மரபணு ஆய்வைத் தொட்ட ‘இன்ஃபினிட்டி எஞ்சின்’ முதலியன பிற்காலத்தவை. 2014-15இல் ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூவே நகரில் பெரும் மீள்பார்வைக் கண்காட்சி நடந்தது. 2022இல் வெனிஸ் பியெனாலே கலைக் கண்காட்சி இவருக்குச் சிறப்புக் குறிப்பு வழங்கியது.