தீர்ப்பும் மறுவிசாரணையும்

1969ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் லண்டன் மாநகரிலே திரையிடப்பட்ட ஓர் ஆங்கிலப் படம், அரை நூற்றாண்டுக்கு மேலாக இரசிகர்களை இரு கட்சிகளாகப் பிரித்து வைத்திருக்கின்றது. பிரித்தானிய ஒற்றன் ஜேம்ஸ் பொண்டின் சாகசங்களைக் கூறும் படவரிசையில் ஆறாவதாகிய 'ஒன் ஹேர் மெஜெஸ்ரீஸ் சீக்ரெட் சேர்விஸ்' என்பதே அப்படம்.

அதற்கு முந்திய ஐந்து படங்களிலும் சோன் கொனறியே நாயகனாக நடித்தார். இப்படத்திலோ விளம்பரப் படங்களுக்கு நின்று பழகிய ஜோர்ஜ் லேசன்பி என்ற அவுஸ்திரேலிய இளைஞர் அவ்விடத்தைப் பெற்றார். படம் வெளிவருமுன்பே, இனி இவ்வேடம் ஏற்பதில்லை என்று அவர் அறிவித்துவிட்டார். மேலும், வெற்றியையே கண்டு பழகிய மக்கள், மணநாளிலேயே மனைவியைத் துப்பாக்கிக் குண்டுக்குப் பறிகொடுத்த நாயகனை இதிலே கண்டனர். முந்திய படத்தினும் வசூல் குறைந்தது. 1971இல் கொனறி மீண்டும் அழைக்கப்பட்டார். இலாபம் ஈட்டிய படமாயினும், 'தோல்வி' என்னும் பெயரே அதற்கு நிலைத்தது.

ஆயினும், தீர்ப்புக் கூறியோர் யாவரும் முழுப் படத்தையும் கண்டவரோ? 1976இல் அமெரிக்கத் தொலைக்காட்சி அதனை இரு பகுதிகளாக வெட்டி, காட்சிகளின் வரிசையை மாற்றி, புதிதாக ஒரு வருணனைக் குரலையும் சேர்த்து ஒளிபரப்பியது. தொலைக்காட்சிப் பெட்டியின் சிறு சதுரத்துக்கு அமைவாக, அகலத் திரைக்கென எடுத்த படத்தின் இருபக்கங்களும் கத்தரிக்கப்பட்டன. சிதைந்த பிரதியைக் கொண்டே பலர் மூலத்தை மதிப்பிட்டனர்.

பின்னர், பழைய படச்சுருள் சட்டம் சட்டமாகக் கணினியிற் பதியப்பட்டு, தூசியும் கீறலும் அகற்றப்பட்டன. 2012இல் உயர் தெளிவுடைய புளூ-ரே தட்டாக அப்படம் வெளிவந்தது. சுவிற்சர்லாந்தின் 2,970 மீற்றர் உயரமான ஷில்தோர்ன் சிகரமும், அதன் உச்சியிற் சுழலும் உணவகமும் இன்று பளிச்செனத் தெரிகின்றன. ஹெலிகொப்டரின் கீழே தொங்கியவாறு படம் பிடித்த ஜோனி ஜோர்டன், பனியிற் சறுக்கிக்கொண்டே கமெராவை இயக்கிய வில்லி பொக்னர் ஆகியோரின் துணிவும் விளங்குகின்றது.

அதே தெளிவு குறைகளையும் மறைக்கவில்லை. நடிகரை ஸ்டூடியோவில் நிறுத்தி, பின்னே பனிமலையைத் திரையிட்டு எடுத்த பகுதிகளின் பொய்மை முன்னிலும் அப்பட்டமாகத் தோன்றுகின்றது. நாயகன் மாறுவேடம் பூண்ட காட்சிகளிற் கேட்பது லேசன்பியின் குரலன்று. ஜோர்ஜ் பேக்கர் என்ற வேறொரு நடிகரின் குரல். படத்தைத் துலக்கினாலும் அக்குறை நீங்காது.

எனவே, தெளிவு என்பது சாட்சியைத் துலக்குமேயன்றித் தீர்ப்பை எழுதித் தராது. எனினும், 2021இல் வெளிவந்த பொண்ட் படம், லூயி ஆம்ஸ்ட்ரோங் பாடிய இப்படத்தின் பாடலையே எடுத்தாண்டு இதற்கு மரியாதை செய்தது. படமாயினும் பழைய ஏடாயினும், சிதைந்த பிரதியின்மேல் எழுந்த தீர்ப்பு, மூலம் மீண்டு வரும்போது மறுவிசாரணைக்கு உட்படுதலே நீதியாகும்.