பிழையாய் ஒலித்தவர் யார்?

மாத்தளை மாவட்டத்தில் கலேவெலைக்கு அணித்தாய் இருக்கிறது வஹகோட்டை. புனித அந்தோனியார் கோயிலால் பெயர்பெற்ற கத்தோலிக்கச் சிற்றூர் அது. 1656இல் கொழும்புக் கோட்டை ஒல்லாந்தர் கைப்பட்டபின் கண்டி அரசில் அடைக்கலம் பெற்ற போர்த்துக்கேயரின் வழித்தோன்றல்களே இவ்வூரார் என்பது வழிவழியாகச் சொல்லப்பட்டுவரும் வரலாறு. இன்று அவர்கள் பேசுவது சிங்களம். மூதாதையரின் மொழி அவர்கள் நாவைவிட்டு அகன்றுவிட்டது. அதன் சொற்களோ இலங்கைத் தீவெங்கும் பரவிக் கிடக்கின்றன. மேசை, ஜன்னல், அலுமாரி, சப்பாத்து, பாண் என்று நாள்தோறும் நாம் வழங்குவன அனைத்தும் அவர்கள் கொணர்ந்தவை. சிங்களவரும் தமிழரும் தத்தம் ஒலிமரபுக்கு இசைய அவற்றை வளைத்துக்கொண்டனர். பாண் என்பதைப் போர்த்துக்கேயரைப்போல் மூக்கொலியோடு சொல்லவில்லையே என்று எவரும் எவரையும் எள்ளுவதில்லை.

ஆங்கிலத்திற்கு வந்தால் மட்டும் நிலைமை மாறிவிடுகிறது. வழக்கில் அரிய ஆங்கிலச் சொற்களைப் பட்டியலிட்டு, பொருளையும் உச்சரிப்பையும் மனப்பாடம் செய்விக்கும் வகுப்புகளை நாம் அறிவோம். அங்கே ஒரு சிற்றூர்ப் பிள்ளை வாய் தடுமாறினால் எழும் சிரிப்பையும் அறிவோம். இலங்கைப் பல்கலைக்கழக மாணவர்கள் ஆங்கிலத்திற்குக் 'கடுவ' என்று பெயரிட்டனர். சிங்களத்தில் அதற்கு வாள் என்று பொருள். 1956இல் சிங்களம் மட்டுமே ஆட்சிமொழியென்று சட்டமியற்றித் தமிழருக்கு அநீதி இழைத்தவர்களும் அந்த வாளை உறையிலிடவில்லை. உத்தியோகத்தின் வாயிலில் அது தொங்கிக்கொண்டேயிருந்தது.

அந்தப் பட்டியல்களின் அரிய சொற்களுள் பல எங்கிருந்து போயின என்று ஆசிரியர்கள் சொல்வதில்லை. வெற்றிலை போர்த்துக்கேயர் வாயில் 'பெத்தெல்' ஆயிற்று. ஆங்கிலேயன் வாயில் 'பீட்டல்' ஆயிற்று. ஆங்கிலத்தில் வண்டுக்கும் அதே ஒலிதான்! அடைக்காய் 'அரிக்கா' ஆனது. தேக்கு 'டீக்' ஆனது. மிளகுதண்ணீர் 'மலிகடோனி' என்ற பெயரில் துரைமார் விருந்தில் சூப்பாக அமர்ந்தது. எலஹெரவில் தோண்டியெடுக்கும் நீலக்கல் எவ்வகைக் கனிமமோ அதற்கு அறிவியல் இட்ட பெயர் 'கொரண்டம்'. அது நமது குருந்தமே. கட்டுமரமோ பொருளையும் இழந்தது. மரங்களைப் பிணைத்த மீனவன் கலம், இரட்டை உடலுடைய செல்வர் படகாகிவிட்டது.

இவையெல்லாம் பிழையான உச்சரிப்புகளே அல்லவா? ஆனால் இவற்றை எவரும் பிழையென்று சொல்லவில்லை, அகராதியில் ஏற்றினர். இத்தகைய சொற்களைத் தொகுத்து யூலும் பர்னலும் இயற்றிய பேரகராதி 1886இல் வெளிவந்தது. அதன் பெயர் 'ஹாப்சன்-ஜாப்சன்'. மொஹரம் ஊர்வலத்தில் எழும் 'யா ஹசன்! யா ஹுசைன்!' என்னும் துயரக்குரல் வெள்ளைச் சிப்பாய்களின் செவியில் திரிந்து, நாவில் மேலும் திரிந்து அவ்வாறு ஆயிற்று. ஆளுவோனின் வாய்ப்பிழை நூலுக்கே தலைப்பாகிறது. ஆளப்படுவோன் பிள்ளையின் வாய்ப்பிழை அவன் குலத்திற்கே இழுக்காகிறது.

பொருள் திரிந்ததில் நகைப்புக்கு இடமில்லாத சொற்களும் உண்டு. பறையர் என்னும் பெயர் ஆங்கிலத்தில் 'பெராயா' ஆகி, ஊர் விலக்கிய எவரையும், இக்காலத்தில் உலகம் ஒதுக்கிய நாட்டையுங்கூடக் குறிக்கிறது. இங்கே குற்றம் ஆங்கிலேயனுடையது மட்டுமன்று. அந்த மக்களை ஊருக்கு வெளியே நிறுத்தியவர்கள் நாம். அவன் கண்டதை எழுதிக்கொண்டான். பின்னர் அதைத் தன் உவமைக்கும் பயன்படுத்திக்கொண்டான். 'கூலி' என்பதைக் குஜராத்தின் கோளி மக்கள் பெயரோடும் நமது கூலியோடும் தொடர்புபடுத்துவர். நம் மொழியில் அது உழைப்புக்குத் தரும் ஊதியம். ஆங்கிலத்தில் அதுவே உழைப்பவன் பெயராயிற்று, வசையாயிற்று. 19ஆம் நூற்றாண்டில் காப்பித் தோட்டங்களுக்காக மன்னார்க் கரையில் இறங்கி, காடு வழியே தம்புள்ளை கடந்து மாத்தளைக்கு நடந்தவர்கள் இப்பெயரைச் சுமந்தே நடந்தனர். வாந்திபேதியில் வழியிலேயே மாண்டவர் பலர். ஆள்சேர்த்தவனின் 'கங்காணி'யும், தொழிலாளியைக் கடனோடு கைமாற்றிய 'துண்டு'ம் தோட்டத்துரைகளின் ஆங்கிலத்தில் மாற்றமின்றிப் புகுந்தன. துண்டு முறையை 1921இல்தான் சட்டம் தடைசெய்தது.

அந்தத் தோட்டத்துப் பிள்ளை 'இஸ்கூல்' என்கிறது, வகுப்பு சிரிக்கிறது. சொல்லின் தொடக்கத்தில் இரு மெய்கள் கூடி நிற்பதைத் தமிழ் ஏற்பதில்லை. ஆகவே நா ஓர் உயிரை முன்னே வைக்கிறது. உலோகம், இராமன் என்று முன்னே ஓர் உயிரைச் சேர்ப்பதை நன்னூலே விதியாக வகுத்திருக்கிறது. சிங்களமும் பள்ளிக்கூடத்தை 'இஸ்கோலய' என்றே சொல்லும். வஹகோட்டையாரின் மூதாதையர் பிறந்த லிஸ்பன் பக்கத்தில் இன்றும் பள்ளிக்கு 'இஷ்கோலா' என்றுதான் பெயர். பழைய பிரெஞ்சுக்காரரும் இலத்தீன் சொற்களுக்கு முன் இப்படியே ஓர் எகரத்தைக் கூட்டினர். அச்சொற்களைக் கடன் பெற்ற ஆங்கிலம் சிலவற்றில் எகரத்தை உதறியது, சிலவற்றில் வைத்துக்கொண்டது. அரசைக் குறிக்கும் 'ஸ்டேட்'டும், மாத்தளை மலைச்சரிவுகளில் பெயர்ப்பலகைதோறும் நாம் காணும் 'எஸ்டேட்'டும் அவ்வாறு பிரிந்த ஒரே சொல். துரையின் எஸ்டேட்டில் இருக்கும் எகரத்தைக் கேட்டு இதுவரை எந்த வகுப்பும் சிரித்ததில்லை.