காவிரிப் படுகையின் போர்க்களங்களும் நினைவிடங்களும்

வேளாங்கண்ணிக்கு வடக்கே சிறிது தொலைவில் இருக்கிறது நாகப்பட்டினம். அதற்கு எதிரே விரியும் கடலில் 1746, 1758, 1782 ஆகிய மூன்று ஆண்டுகளில் ஆங்கிலேயக் கப்பற்படையும் பிரெஞ்சுக் கப்பற்படையும் மோதின. நிலத்திலும் குறைவில்லை. கரிகாலன் வென்ற வெண்ணி, சோழர் எழுச்சிக்கு வழிவிட்ட திருப்புறம்பியம், 1616இல் தஞ்சை இரகுநாத நாயக்கர் போரிட்ட கல்லணைப் பக்கத்துத் தோப்பூர் எல்லாம் ஒரே ஆற்றுப் படுகையில் அமைந்தவை. நெல் விளையும் நாட்டைக் கைக்கொண்டவனுக்குப் படைக்குச் சோறும் கருவூலத்துக்கு வரியும் கிடைத்தன. மதுரையிலிருந்தும் காஞ்சியிலிருந்தும் மைசூரிலிருந்தும் படைகள் இங்கே வந்ததற்கு அதுவே முதற்காரணம்.

இவ்வளவு போர்கள் நடந்த நாட்டில் போர்க்களம் என்று கண்ணால் காணத்தக்க நிலம் மிகக் குறைவு. மண்தான் காரணம். படுகை முழுவதும் வண்டல். வெள்ளம் வரும்போதெல்லாம் புது மண் படிந்தது, ஆறுகளும் வாய்க்கால்களும் தடம் மாறின. ஆண்டுதோறும் உழவு நடக்கும் நிலத்தில் பழைய தடயம் மேலே தங்குவதில்லை. கல்லும் அருமை. தருமபுரி, கிருஷ்ணகிரி, செங்கம் வட்டாரங்களில் நூற்றுக்கணக்கில் நிற்கும் நடுகற்கள் படுகையில் அரிதாக இருப்பதற்கு இந்தக் கல் பஞ்சத்தையும் ஒரு காரணமாகச் சொல்லலாம். வீரனுக்குக் கல் எடுப்பதைக் காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து என்று ஆறு நிலையாகத் தொல்காப்பியம் வகுத்திருக்கிறது. அந்த மரபு படுகையில் பாட்டாகவும் கோயிலாகவும் உருமாறி நின்றது.

பாட்டாக நின்றதற்குச் சான்று வெண்ணி. தஞ்சாவூரிலிருந்து நீடாமங்கலம் செல்லும் வழியில், இன்று கோயில்வெண்ணி என வழங்கும் ஊர் இது. சேரனும் பாண்டியனும் வேளிர் பதினொருவரும் கரிகாலனை எதிர்த்துத் தோற்றதைச் சங்கப் பாடல்கள் பதிவு செய்திருக்கின்றன. முதுகில் பட்ட புண்ணுக்கு நாணிய சேரன் வடக்கிருந்து, அதாவது வடக்கு நோக்கி அமர்ந்து உண்ணாமல், உயிர்விட்டான். வென்றவனின் முன்னாலேயே, அவனைவிடத் தோற்றவனே நல்லவன் அல்லவா என்று கேட்டவர் வெண்ணிக் குயத்தியார். அவர் அந்த ஊர்ப் பெண். குயவர் குடியினர் என்பதைப் பெயரே காட்டுகிறது. அவருடைய பாடல் புறநானூற்றில் 66ஆவது. வெற்றித்தூண் நாட்டப்படும் இடங்களில் தோற்றவனுக்கு இத்தகைய நினைவு கிடைப்பது உலகில் எங்குமே அரிது. இன்று அவ்வூர்க்குச் செல்பவர்களில் பெரும்பாலோர் சர்க்கரை நோய் தீர வேண்டிக் கரும்பேசுவரரைத் தரிசிக்க வருபவர்கள். அவர்கள் நடக்கும் மண்ணின் கதையும் அவர்களுக்குச் சொல்லப்பட வேண்டும்.

கோயிலாக நின்றதற்குச் சான்று திருப்புறம்பியம். கும்பகோணத்துக்கு வடமேற்கே மண்ணியாற்றுக்கும் கொள்ளிடத்துக்கும் இடைப்பட்ட பகுதியில் உள்ள ஊர். மூவர் பாடிய சாட்சிநாதர் கோயில் இங்கே இருக்கிறது. ஏறத்தாழ கி.பி. 880இல் பாண்டியன் இரண்டாம் வரகுணனின் படையும் பல்லவன் அபராசிதனின் படையும் இங்கே பொருதன. பல்லவன் பக்கம் கங்க மன்னன் முதலாம் பிருதிவீபதியும், சோழன் முதலாம் ஆதித்தனும் நின்றார்கள். பாண்டியன் தோற்றான், ஆனால் வென்ற அணியின் பிருதிவீபதி களத்திலேயே வீழ்ந்தான். தன் உயிரைக் கொடுத்து நண்பனின் அபராசிதன் என்ற பெயரை மெய்யாக்கினான் என்று அவன் வழிவந்த இரண்டாம் பிருதிவீபதியின் உதயேந்திரம் செப்பேடு புகழ்கிறது. போரின் பயனை முழுமையாக அனுபவித்தவர்கள் சோழர்கள். சில ஆண்டுகளில் ஆதித்தன் அபராசிதனையே வென்று தொண்டைநாட்டைச் சேர்த்துக்கொண்டான். இராசராசனும் இராசேந்திரனும் ஆண்ட பேரரசுக்கு வழி திறந்த களங்களில் இதற்கே முதலிடம்.

அரசரையோ அரச குடும்பத்தவரையோ அடக்கம் செய்த இடத்தில், அவர் நினைவாக எடுக்கும் கோயிலே பள்ளிப்படை. ஆற்றூரில் துஞ்சிய அரிஞ்சயனுக்கு மேல்பாடியில் இராசராசன் ஒன்று எடுத்தான். பழையாறைப் பகுதியில் பஞ்சவன்மாதேவிக்கு இராசேந்திரன் எடுத்தது மற்றொன்று. திருப்புறம்பியத்தில் ஒரு சிறு கோயிலைப் பிருதிவீபதியின் பள்ளிப்படை என்று வழிவழியாகச் சுட்டிவருகிறார்கள். 'பிற்காலச் சோழர் சரித்திரம்' எழுதிய தி. வை. சதாசிவ பண்டாரத்தார் 1892இல் பிறந்தது இதே ஊரில். அவர் பெயரின் முதலெழுத்தே திருப்புறம்பியம்தான். கல்கி 'பொன்னியின் செல்வ'னில் பாண்டிய ஆபத்துதவிகள் சதிசெய்யக் கூடும் இடமாக இந்தப் பள்ளிப்படையை வைத்த பிறகு, வரலாறு படிக்காதவர்களுக்கும் அது தெரிந்த பெயராயிற்று. ஒரு நாவல் ஒரு நினைவிடத்துக்குச் செய்த தொண்டு அது.

நாகப்பட்டினத்துக் கதை வேறு வகை. 1658இல் போர்த்துகீசியரிடமிருந்து ஊரைப் பிடித்த டச்சுக்காரர்கள், 1690இல் சோழமண்டலக் கரையின் தலைமையிடத்தைப் பழவேற்காட்டிலிருந்து இங்கே மாற்றினார்கள். ஐதர் அலியோடு அவர்கள் கைகோத்த 1781இல், ஹெக்டர் மன்றோவின் தரைப்படையும் எட்வர்டு ஹியூசின் கப்பற்படையும் அக்டோபரில் முற்றுகையிட்டு நவம்பரில் கோட்டையைப் பணியவைத்தன. முற்றுகையிட்டவர்களைவிடக் காத்து நின்றவர்களே எண்ணிக்கையில் அதிகம். அவர்களில் பெரும்பகுதி இந்நாட்டுச் சிப்பாய்களும் ஐதரின் ஆட்களும். 1784 உடன்படிக்கையில் ஊர் ஆங்கிலேயருக்கே உறுதியாயிற்று. கோட்டை அழிந்தது. டச்சுக் கல்லறைகள் எஞ்சின. அலெக்சாண்டர் ரீ 1897இலும் ஜூலியன் ஜேம்ஸ் காட்டன் 1905இலும் வெளியிட்ட நூல்களில் சென்னை மாகாணத்தின் இத்தகைய பழங்கல்லறைகள் பதிவாயின. கல் சிதைந்தாலும் வாசகம் பிழைக்க அந்தப் பதிவுகள் உதவுகின்றன.

அந்த முற்றுகையில் மாண்ட சிப்பாய்களுக்கு அப்படி ஒரு பட்டியல் இல்லை. போர் நினைவைக் காப்பதைப் பற்றிப் பேசும் எவரும் இந்த இடத்தில் சற்று நின்றாக வேண்டும். அரசனுக்குக் கோயில், அதிகாரிக்குக் கல்லறை, காலாளுக்கு ஒன்றுமில்லை என்பதே பல நூற்றாண்டுகளின் நடைமுறை. பதவி வேறுபாடின்றி எல்லோருக்கும் ஒரே அளவுக் கல் என்ற விதியோடு 1917இல் பிரிட்டிஷ் பேரரசு தொடங்கிய போர்க் கல்லறை ஆணையமே இந்திய, ஆப்பிரிக்க வீரர்கள் பலரை அந்த விதிப்படி நடத்தவில்லை என்று 2021இல் வெளிப்படையாக ஒப்புக்கொண்டது. சென்னை நந்தம்பாக்கத்தில் அந்த ஆணையம் பேணும் கல்லறைத் தோட்டத்தில் இரண்டாம் உலகப் போரில் இறந்த 856 பேர் துயில்கிறார்கள். தொலைவூர்க் கல்லறைகளைத் தொடர்ந்து பராமரிக்க முடியாததால் அவற்றிலிருந்தவர்களை 1952இல் அங்கே கொண்டுவந்து சேர்த்தார்கள். களமும் கல்லறையும் ஓரிடத்திலேயே பிழைத்த இந்திய எடுத்துக்காட்டு நாகாலாந்தின் கோகிமா. 1944இல் அங்கே பிரிட்டிஷ் இந்தியப் படையும் ஜப்பானியப் படையும் டென்னிஸ் ஆடுகளம் ஒன்றின் இரு பக்கமும் நின்று போரிட்டன. அந்த ஆடுகளத்தின் கோடுகளைக் கல்லறைத் தோட்டத்துக்குள்ளேயே இன்றும் காணலாம். தகனம் செய்யப்பட்ட இந்து, சீக்கிய வீரர்கள் 917 பேரின் பெயர்களும் அங்கே பொறிக்கப்பட்டுள்ளன.

படுகையில் எஞ்சியவற்றுக்கு எதிரிகள் பலர். கடலோரத்தில் உப்பு, செங்கலுக்குள் ஊறிப் படிகமாகி, பூச்சைப் பொடியாக உதிர்க்கிறது. பழைய சுண்ணாம்புச் சாந்து ஈரத்தை வெளியே விடும். அதன்மேல் சிமென்ட் பூசினால் ஈரம் உள்ளேயே தங்கி, சுவர் முன்னைவிட விரைவாகச் சிதையும். வழிபாடு நடக்கும் சிறு கோயில்கள் மக்கள் அன்பால் பிழைக்கின்றன. அதே அன்பு திருப்பணி என்ற பெயரில் டைல்ஸ் ஒட்டி, வண்ணம் பூசி, பழைய கல்லை மறைத்தும் விடுகிறது. போரில் தப்பியது அமைதிக் காலத்தில் அழிவதும் உண்டு. நாகையின் பௌத்த விகாரத்தின் செங்கற்கோபுரம் அத்தனை முற்றுகைகளையும் தாண்டி நின்று, 1867இல் அனுமதி பெற்றே இடிக்கப்பட்டது.

சட்டம் இல்லாமல் இல்லை. மத்தியத் தொல்லியல் சட்டம் 1958இலிருந்தும் மாநிலச் சட்டம் 1966இலிருந்தும் இருக்கின்றன. மத்தியப் பாதுகாப்பிலுள்ள சின்னத்தைச் சுற்றி 100 மீட்டருக்குள் புதுக் கட்டடம் எழுப்பத் தடையும் உண்டு. ஆனால் இச்சட்டங்கள் பெரிதும் பயன்பட்டிருப்பது கட்டடங்களுக்கும் அகழாய்வு மேடுகளுக்கும்தான். விளைகிற வயலைப் போர்க்களம் என்று அறிவித்து உழவை நிறுத்துவது நடக்கக் கூடாது. செய்யத்தக்கது வேறு. வருவாய்த்துறையின் பழைய புல வரைபடங்களில் உள்ள திடல், தோப்பு, மேட்டுப் பெயர்களைத் தொகுக்க வேண்டும். ஊர்ப் பெரியவர்கள் சொல்லும் இடங்களை அவற்றோடு ஒப்பிட்டுப் பதிய வேண்டும். பள்ளிப்படையையும் டச்சுக் கல்லறைகளையும் கல்வெட்டுப் படிகளோடு ஆவணமாக்க வேண்டும். வயல்கள் மனைகளாகும் வேகத்தில் இதற்கு அவகாசம் குறைவு. மாநிலத் தொல்லியல் துறையும் அந்தந்த ஊராட்சிகளும் சேர்ந்து கோயில்வெண்ணி, திருப்புறம்பியம், நாகப்பட்டினம் மூன்றிலும் இந்தப் பணியை முதலில் தொடங்கலாம். அங்கே வைக்கும் தகவல் பலகைகளின் வாசகத்தில் கரிகாலன், பிருதிவீபதி, மன்றோ பெயர்களோடு, பெயர் தெரியாத காலாட்களுக்கும் ஒரு வரி ஒதுக்கப்பட வேண்டும்.